தாகத்துக்குத் தேதி உண்டா?

மும்பையின் குடிசைப் பகுதிகளில் பொதுக் குழாய் கிடைப்பதும் கிடைக்காததும் ஏரியின் நீர்மட்டத்தைப் பொறுத்ததல்ல. குடியிருப்பவர் எந்த ஆண்டு வந்து சேர்ந்தார் என்பதைப் பொறுத்தது. உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்துப் பத்தாண்டுகள் கடந்தும் வரிசை கலையவில்லை.

மும்பையின் கிழக்குப் புறத்தில், தேவ்னார் குப்பைமேட்டை ஒட்டிய கோவண்டி, மான்கூர்த் பகுதிகளில் பொழுது விடிவதைக் குழாய்தான் தீர்மானிக்கிறது. தண்ணீர் நான்கு மணிக்கு வரும் என்றால் மூன்றரைக்கே சந்தில் அரவம் கேட்கத் தொடங்கிவிடும். குடங்கள், நீல நிற பிளாஸ்டிக் பீப்பாய்கள், எண்ணெய் கேன்கள், பெயின்ட் டப்பாக்கள் என்று ஒவ்வொரு வீடும் தன் பிரதிநிதியை முந்தைய இரவே வரிசையில் நிறுத்தியிருக்கும். யாருடைய பீப்பாய் எங்கே நின்றது என்பது எல்லோருக்கும் மனப்பாடம். அதை ஒரு முழம் நகர்த்தினாலும் சண்டை.

குழாயிலிருந்து முதலில் காற்றுதான் வரும். பிறகு கலங்கலாகக் கொஞ்சம். அதைப் பாத்திரம் கழுவ ஒதுக்கிவிட்டு, தெளியத் தொடங்கியதும் கைகள் வேகமெடுக்கின்றன. ஒருத்தி பிடிக்க, இன்னொருத்தி தூக்க, பள்ளிக்கூடம் போக வேண்டிய மகள் வாசலில் வாங்கி ஊற்றுகிறாள். ஓரிரண்டு மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிடும். எங்கோ ஒரு சாலை ஓரத்தில், நீண்ட இரும்புச் சாவியோடு வரும் மாநகராட்சி ஊழியர் வால்வைத் திருகி, தண்ணீரை அடுத்த பகுதிக்கு அனுப்பிவிடுவார். மும்பைவாசிகளுக்கு அவர் ‘சாவிவாலா’. நகரின் நூற்றுக்கணக்கான வால்வுகளை இப்படி நாள்தோறும் திறந்து மூடுபவர்களின் கடிகாரத்தை வைத்துத்தான் பல லட்சம் பெண்களின் தூக்கமும் விழிப்பும் அமைகின்றன.

இவ்வளவும் குழாய் உள்ளவர்களின் கதை. அடுத்த சந்தில் அதுவும் கிடையாது. அங்கே இருப்பவர்கள் ‘தேதி’க்குப் பிறகு வந்தவர்கள்.

வாட்டம் நீரிலா, விநியோகத்திலா?

தண்ணீரே இல்லாத ஊர் என்று மும்பையைச் சொல்ல முடியாது. துளசி, விஹார், தான்சா, மோடக் சாகர், மேல் வைதர்ணா, நடு வைதர்ணா, பாட்சா ஆகிய ஏழு ஏரிகள் இந்நகருக்கு நீர் தருகின்றன. நாளொன்றுக்கு வந்து சேர்வது சுமார் 385 கோடி லிட்டர். 2011 கணக்கெடுப்பின்படி நகரின் மக்கள் தொகை 1.24 கோடி. அதைக் கொண்டு வகுத்தால் தலைக்கு 300 லிட்டருக்கு மேல் வருகிறது. தொழிற்சாலை, ஓட்டல், கசிவு, திருட்டு எல்லாவற்றையும் கழித்தாலும் யாரும் குடத்தோடு நிற்க வேண்டிய அவசியமில்லாத அளவு இது.

ஆனால் தண்ணீர் சராசரி பார்த்து ஓடுவதில்லை. அடுக்குமாடிக் கட்டடங்களில் வசிப்பவருக்குத் தலைக்கு 135 லிட்டர், குடிசைவாசிக்கு 45 லிட்டர் என்ற அளவுகோலை வைத்துத்தான் மாநகராட்சி நெடுங்காலம் விநியோகத்தைத் திட்டமிட்டு வந்தது. ஒரே ஏரி, ஒரே குழாய், ஆனால் ஒருவருடைய தாகம் இன்னொருவருடையதில் மூன்றில் ஒரு பங்கு. 2011ல் நகரின் மக்களில் சுமார் 42 சதவீதம் பேர் குடிசைப் பகுதிகளில் வசித்தார்கள் என்பதை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும்.

இந்த 45 லிட்டரும் வீட்டுக்குள் வருவதில்லை. ஐந்து, பத்து, பதினைந்து வீடுகள் சேர்ந்து ஒரு குழுவாகி, தங்களுக்குள் ஒருவரைச் செயலாளராக்கி, ஒரே மீட்டரில் ஒரே இணைப்பு வாங்குவது இங்குள்ள நடைமுறை. பில் ஒருவர் பெயரில் வரும், பணத்தை எல்லோரும் பங்கு போட்டுக் கட்ட வேண்டும். ஒரு வீடு பணம் தராவிட்டால் மற்றவர்கள் சுமக்க வேண்டும். செயலாளர் ஏமாற்றினால் எல்லோருக்கும் தண்ணீர் நிற்கும்.

‘குழாயடிச் சண்டை’ என்று தமிழில் சாதாரணமாகக் கேலி பேசிவிடுகிறோம். கணக்குப் போட்டுப் பார்த்தால் கேலி வராது. ஐந்து பேர் உள்ள குடும்பத்துக்குத் தலைக்கு 45 லிட்டர் என்றால் 225 லிட்டர். 20 லிட்டர் குடத்தில் பன்னிரண்டு நடை. ஒவ்வொரு நடையிலும் இருபது கிலோவுக்கு மேல் எடை. பத்து குடும்பங்களுக்கு இது நூற்றிருபது நடை. குழாய் நிமிடத்துக்குப் பன்னிரண்டு லிட்டர் கொட்டுகிறது என்று தாராளமாகவே வைத்துக்கொண்டாலும், அத்தனைக்கும் மூன்று மணி நேரத்துக்கு மேல் வேண்டும். வருவதோ ஓரிரண்டு மணி நேரம். அந்த இடைவெளியில்தான் சண்டை பிறக்கிறது.

விதியில் இருக்கும் ஓட்டை

நாடு முழுவதற்கும் இது பொருந்தும். 1972-73ல் தொடங்கிய மத்திய அரசின் துரித ஊரகக் குடிநீர்த் திட்டம் பின்னாளில் ஓர் அளவுகோலை வகுத்துக்கொண்டது. ஒருவருக்கு நாளொன்றுக்கு 40 லிட்டர். 250 பேருக்கு ஒரு கைப்பம்பு அல்லது பொதுக் குழாய். அது சமவெளியில் 1.6 கிலோமீட்டர் தூரத்துக்குள், மலைப்பகுதியில் 100 மீட்டர் உயர வித்தியாசத்துக்குள் இருக்க வேண்டும். இந்த அளவு எட்டப்பட்டால் அந்தக் கிராமத்துக்குக் ‘குடிநீர் வசதி செய்யப்பட்டது’ என்று பதிவேட்டில் எழுதிவிடலாம்.

250 பேருக்குத் தலைக்கு 40 லிட்டர் என்றால் 10,000 லிட்டர். அதே பன்னிரண்டு லிட்டர் வேகத்தில் அந்த ஒற்றைக் குழாய் ஏறக்குறைய 14 மணி நேரம் இடைவிடாமல் ஓட வேண்டும். இரண்டு மணி நேரம் மட்டும் வந்தால் தலைக்கு ஆறு லிட்டர்கூடத் தேறாது. விதியை வகுத்தவர்கள் தலைகளை எண்ணினார்கள், தூரத்தை அளந்தார்கள், எத்தனை மணி நேரம் என்று கேட்க மறந்தார்கள்.

2011 கணக்கெடுப்பு இதன் விளைவைக் காட்டியது. வீட்டு வளாகத்துக்குள்ளேயே குடிநீர் கிடைத்த குடும்பங்கள் நாட்டில் 46.6 சதவீதம் மட்டுமே. 17.6 சதவீதக் குடும்பங்கள் கிராமமென்றால் அரைக் கிலோமீட்டருக்கு மேல், நகரமென்றால் நூறு மீட்டருக்கு மேல் நடந்துதான் தண்ணீர் கொண்டுவந்தன.

2019 ஆகஸ்ட் 15 அன்று அறிவிக்கப்பட்ட ஜல் ஜீவன் திட்டம், பொதுக் குழாய் என்ற எண்ணத்தையே விட்டுவிட்டு வீட்டுக்கு ஒரு குழாய், தலைக்கு 55 லிட்டர் என்று இலக்கு வைத்தது. அப்போது குழாய் இணைப்பு இருந்த கிராமப்புற வீடுகள் 3.23 கோடி. 2025ல் அது 15 கோடியைத் தாண்டியது. சாதனைதான். ஆனால் 2024க்குள் எல்லா வீட்டுக்கும் என்ற கெடு முடியாமல் 2028 வரை நீட்டிக்கப்பட்டிருக்கிறது. 2022ல் அரசே நடத்திய ஆய்வில் போதிய அளவும் தரமும் ஒழுங்கும் கொண்ட முழுமையான இணைப்புகள் 62 சதவீதம் வீடுகளில்தான் இருந்தன. மேலும், இது கிராமங்களுக்கான திட்டம். நகரங்களுக்கு 2021 அக்டோபரில் வந்த அம்ருத் 2.0 எல்லா வீட்டுக்கும் குழாய் என்றுதான் சொல்கிறது. எது ‘வீடு’ என்ற கேள்வி அங்கே குறுக்கே நிற்கிறது. அந்தக் கேள்விக்கு மும்பை சொன்ன பதில்தான் ‘தேதி’.

ஆண்டுகளால் போட்ட வேலி

1976ல் மகாராஷ்டிர அரசு மும்பைக் குடிசைகளைக் கணக்கெடுத்து, பதிவானவர்களுக்குப் புகைப்பட அட்டை கொடுத்தது. அட்டை உள்ளவரை மாற்றிடம் தராமல் அகற்ற முடியாது. அட்டை இல்லாதவர் சட்டத்தின் கண்ணுக்குத் தெரியாதவர். அதன் பிறகு அந்தத் தேதி 1980, 1985, 1995 என்று நகர்ந்தபடியே வந்தது. 2014ல் சட்டத் திருத்தத்தின் மூலம் 2000 ஜனவரி 1 ஆனது. தேர்தல் நெருங்கும்போதெல்லாம் தேதி நகரும் என்பது இங்கே சிறு பிள்ளைக்கும் தெரியும்.

வீட்டுக்குப் போட்ட வேலி தண்ணீருக்கும் வந்தது 1996ல். 1995 ஜனவரி 1க்குப் பின் முளைத்த குடிசைகளுக்குக் குடிநீர் தரக் கூடாது என்று மாநில அரசு சுற்றறிக்கை அனுப்பியது. காரணம் எளிது: தண்ணீர் பில் என்பது வெறும் பில் அல்ல, குடியிருப்பதற்கான சான்று. இன்று பில் கொடுத்தால் நாளை வீடு கேட்பார்கள். தண்ணீர் கொடுத்தால் இன்னும் பலர் வருவார்கள். அரசின் வாதம் இதுதான்.

வேலி போட்டும் யாரும் வராமல் இல்லை. வேலை இருக்கும் வரை வந்துகொண்டுதான் இருப்பார்கள். தண்ணீர் மட்டும் அரசின் கையிலிருந்து வியாபாரியின் கைக்குப் போனது. பிரதானக் குழாயில் துளையிட்டு இழுத்த இணைப்பு, மோட்டார் வைத்து உறிஞ்சிய நீர், டேங்கர், சைக்கிளில் கட்டிவரும் கேன் எனப் பல வழிகள். மாநகராட்சி குடிசைப் பகுதிக்கு விதிக்கும் கட்டணம் 1,000 லிட்டருக்குப் பத்து ரூபாய்க்கும் குறைவு. 35 லிட்டர் கேன் ஒன்று பத்து ரூபாய் என்று வைத்துக்கொண்டாலே 1,000 லிட்டருக்கு 285 ரூபாய் ஆகிறது. கோடையில் விலை அதோடு நிற்பதுமில்லை. நகரிலேயே தண்ணீருக்கு அதிக விலை கொடுப்பவர்கள், அதைத் திருடுகிறார்கள் என்று குற்றம் சாட்டப்படுபவர்கள்தான்.

கோவண்டியை உள்ளடக்கிய எம் கிழக்கு வார்டு, மாநகராட்சியின் 2009 மனிதவள மேம்பாட்டு அறிக்கையில் கடைசி இடத்தில் இருந்தது தற்செயல் அல்ல. வயிற்றுப்போக்கு, டைபாய்டு இரண்டுக்கும் குழாயோடு நேரடி உறவு உண்டு. விட்டு விட்டு வரும் தண்ணீரில் ஓர் ஆபத்து இருக்கிறது. வால்வை மூடியதும் குழாயில் அழுத்தம் விழுகிறது. விரிசல் வழியே சுற்றியுள்ள சாக்கடை நீர் உள்ளே புகுகிறது. மறுநாள் முதல் குடத்தில் வரும் கலங்கல் அதுதான். இரண்டு நாளுக்கென்று பீப்பாயில் சேமித்தால் கொசு வேறு.

தாராவியில் நிலைமை சற்று வேறு. திருநெல்வேலிப் பக்கமிருந்து தோல் பதனிட வந்த தமிழர்கள் பல தலைமுறைகளுக்கு முன்பே குடியேறிய இடம் அது. பெரும்பகுதி ‘தேதி’க்கு முற்பட்டது. அதனால் குழாய் இருக்கிறது, சில மணி நேரத்துக்காவது தண்ணீர் வருகிறது. ஆனால் அங்கும் மறுசீரமைப்பில் யாருக்கு இலவச வீடு என்ற கேள்வி வந்ததும் அதே 2000 ஜனவரி 1 தான் தலைதூக்கியது. பழைய தண்ணீர் பில்லையும் மின்சார பில்லையும் பத்திரத்தைப்போல் பெட்டியில் வைத்திருப்பவர்களைப் பார்த்துச் சிரிக்க முடியாது.

இரண்டு தீர்ப்புகள்

பொதுத் தண்ணீரில் யாருக்குப் பங்கு என்ற வழக்கு இந்த மண்ணுக்குப் புதிதல்ல. டாக்டர் அம்பேத்கர் தம் பள்ளி நாள்களைப் பற்றி எழுதியிருக்கிறார். மற்றப் பிள்ளைகள் தாகமெடுத்தால் ஆசிரியரிடம் அனுமதி பெற்றுக் குழாயைத் திறந்து குடித்துக்கொள்ளலாம். அவர் தொடக் கூடாது. பியூன் வந்து திறந்துவிட வேண்டும். பியூன் இல்லாத நாளில் தாகத்தோடு இருக்க வேண்டியதுதான். குழாய் பொது, கை மட்டும் பொது இல்லை.

1923ல் பம்பாய் சட்ட மேலவையில் எஸ். கே. போலே கொண்டுவந்த தீர்மானம், அரசுப் பணத்தில் பராமரிக்கப்படும் கிணறு, குளம், பள்ளிகளைத் தீண்டத்தகாதவர் எனப்பட்டோருக்குத் திறந்துவிட்டது. மஹாட் நகராட்சி தன் சவ்தார் குளத்தைத் திறப்பதாகத் தீர்மானம் போட்டது. தீர்மானம் தாளில் இருந்தது, தண்ணீர் குளத்தில் இருந்தது. 1927 மார்ச் 20 அன்று அம்பேத்கர் ஆயிரக்கணக்கானவர்களோடு சென்று அள்ளிக் குடித்தபோதுதான் இரண்டும் சந்தித்தன. பிறகு அடிதடி, ‘சுத்திகரிப்பு’, வழக்கு. பத்தாண்டு கழித்து, 1937ல் பம்பாய் உயர் நீதிமன்றம் அம்பேத்கர் தரப்புக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது.

77 ஆண்டுகளுக்குப் பிறகு அதே உயர் நீதிமன்றத்தின் முன் கிட்டத்தட்ட அதே கேள்வி வந்து நின்றது. 2009ல் மழை பொய்த்து ஏரிகள் இறங்க, மாநகராட்சி குடிநீரில் வெட்டு விதித்தது. முறையற்ற இணைப்புகளைத் துண்டிப்பதும் தீவிரமானது. அந்த நெருக்கடியைத் தொடர்ந்து குடிசைவாசிகளும் ஆர்வலர்களும் சேர்ந்து உருவாக்கிய பானி ஹக் சமிதி 2012ல் பொதுநல வழக்குத் தொடுத்தது. 2014 டிசம்பர் 15 அன்று நீதிபதிகள் அபய் ஓகா, ஏ. எஸ். கட்கரி அடங்கிய அமர்வு தீர்ப்பளித்தது. அரசியல் சட்டத்தின் 21ஆவது பிரிவு தரும் வாழ்வுரிமையில் குடிநீரும் அடங்கும்; சட்டவிரோதக் குடிசையில் வசிக்கிறார் என்பதற்காக ஒருவருக்குத் தண்ணீரை மறுக்க முடியாது.

தீர்ப்பு மாநகராட்சியின் அச்சத்தையும் ஒதுக்கிவிடவில்லை. தண்ணீர் கொடுப்பதால் குடிசை சட்டபூர்வமாகிவிடாது. மற்றவர்களுக்குத் தரும் அதே முறையில், அதே அளவில் தர வேண்டும் என்பதும் இல்லை. கூடுதல் கட்டணம் வாங்கலாம். எந்த வழியில் கொடுப்பது என்பதை மாநகராட்சியே வகுத்துக்கொள்ளலாம். நில உரிமை வேறு, நீர் உரிமை வேறு என்று நீதிமன்றம் பிரித்துக் காட்டியது. அரசு இரண்டையும் சேர்த்துக் கட்டிவைத்திருந்த முடிச்சு அதுதான்.

முடிச்சு அவிழ்ந்தது காகிதத்தில். கொள்கை வகுக்கவே காலம் எடுத்தது. வந்த கொள்கையில் நடைபாதைவாசிகளும், மத்திய அரசு நிலங்களில் வசிப்பவர்களும் தடைகளைச் சந்தித்தார்கள். ரயில்வே, வனத்துறை போன்ற நில உரிமையாளர்களின் தடையில்லாச் சான்று என்ற சுவர் எழுந்தது. 2022 மே மாதம் ‘எல்லோருக்கும் தண்ணீர்’ என்ற கொள்கையை மாநகராட்சி அறிவித்தது. ஆனால் விண்ணப்பம், ஆவணம், பிரதானக் குழாயிலிருந்து சந்துவரை இணைப்பை இழுத்துவரும் செலவு, அதற்கு அலையும் வேலைநாள்கள் என்று ஒவ்வொரு படியிலும் கூலிக்காரக் குடும்பம் களைத்துப்போகிறது. அன்று பியூன் வர வேண்டும். இன்று சான்றிதழ் வர வேண்டும்.

வேறு வழி உண்டு

ஒடிசா இதை வேறு முனையிலிருந்து தொட்டது. 2017ல் அம்மாநிலம் சிறு நகரங்களின் குடிசைவாசிகளுக்கு நில உரிமை தரும் சட்டத்தை இயற்றியது. நிலத்தைத் தந்த பிறகு தண்ணீருக்குத் தேதி பார்க்கும் அவசியமில்லை. 2021 ஜூலையில் பூரி நகரம், 24 மணி நேரமும் குழாயில் அப்படியே பிடித்துக் குடிக்கத்தக்க நீர் தரும் நாட்டின் முதல் நகரமாக அறிவிக்கப்பட்டது. பயன்பெறுவோர் சுமார் இரண்டரை லட்சம் பேர். சுய உதவிக் குழுக்களைச் சேர்ந்த பெண்கள் ‘ஜல்சாதி’கள் என்ற பெயரில் வீடு வீடாகப் போய் மீட்டர் பார்க்கிறார்கள், நீரைச் சோதிக்கிறார்கள், கட்டணம் வசூலிக்கிறார்கள். குழாய் எப்போதும் நிறைந்தே இருப்பதால் சாக்கடை உள்ளே புக அழுத்தமில்லா நேரம் கிடைப்பதில்லை.

பூரி சிறிய ஊர், மும்பையை அதோடு ஒப்பிட முடியாது என்பது நியாயம்தான். ஆனால் மும்பையிடம் இருக்கும் நீரும் பணமும் பூரியிடம் இல்லை என்பதும் உண்மை. நாட்டின் மிகப் பணக்கார மாநகராட்சி மும்பையினுடையது.

அந்த மும்பைக்கும் பழைய நினைவு ஒன்று உண்டு. 1860ல் விஹார் ஏரியின் நீர் குழாயில் வந்த பிறகும் நகரம் கிணறுகளை நம்பியே இருந்தது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மலேரியாவை ஒழிக்கவென்று நூற்றுக்கணக்கான கிணறுகள் மூடப்பட்டன. அதற்குமேல் குழாயை விட்டால் வேறு கதி இல்லை என்றானது. ஊரில் இருந்த நீரை மூடிவிட்டு, குழாயில் தருகிறோம் என்று சொன்ன அரசுக்கு அதைத் தரும் கடமையும் சேர்ந்தே வந்தது. பார்சி வணிகர் ஒருவர் 1725ல் வெட்டிய பிக்கா பெஹ்ராம் கிணறு சர்ச்கேட் அருகே இன்றும் இருக்கிறது. செல்வர்கள் தெருவோரம் கட்டிய ‘ப்யாவு’ என்னும் நீர்ப்பந்தல்கள் பழைய கடைவீதிகளில் இன்னமும் கண்ணில் படுகின்றன. தண்ணீர் கேட்டு வந்தவரிடம் எந்த ஆண்டு வந்தாய் என்று அவற்றைக் கட்டியவர்கள் கேட்கவில்லை.

நகருக்கு வெளியே இன்னொரு வரிசை நிற்கிறது. தானே மாவட்டம் ஷாஹாபூர் வட்டத்தில்தான் தான்சாவும் பாட்சாவும் இருக்கின்றன. அந்த ஏரிகளைச் சுற்றியுள்ள ஆதிவாசிக் குக்கிராமங்கள் ஒவ்வொரு கோடையிலும் டேங்கருக்குக் காத்திருக்கின்றன. அவர்கள் எல்லாத் தேதிக்கும் முன்பிருந்தே அங்கிருப்பவர்கள். முந்தி வந்தவருக்கே தண்ணீர் என்பது உண்மையிலேயே விதியாக இருந்தால், முதல் குடம் அவர்களுடையதாக இருந்திருக்கும்.

கோவண்டியில் ஆறு மணிக்குள் குழாய் இருமத் தொடங்கிவிடும். கடைசியாக நிற்பவர் வாயை அதனருகே வைத்து உறிஞ்சி, இழுத்து, இன்னும் அரைக் குடம் தேற்றப் பார்ப்பார். பிறகு நின்றுவிடும். ஈரத் தரையில் பீப்பாய்கள் மறுபடி வரிசைக்கு வரும், மறுநாளுக்காக. பக்கத்துச் சந்தில் சைக்கிள் மணி கேட்கும். கேன்காரர் வந்துவிட்டார். அவர் யாரிடமும் சான்றிதழ் கேட்பதில்லை. காசு மட்டும் கேட்பார்.